ரி. எஸ். பாலையாவின் நடிப்புத்திறன்

நாடகம் பலர் கூடி நிகழ்த்தும் கலை. எனினும், நாடகத்தைப் பற்றியும் அதன் வழித்தோன்றலாகிய திரைப்படத்தைப் பற்றியும் தமிழில் எழுந்த எழுத்துக்களை நோக்குவார்க்கு, அஃது ஒருவரோ இருவரோ தனித்து நின்று நிகழ்த்தும் கலை என்றே தோன்றும். தலைவனாக நடித்தவர் பேசப்படுவர். தலைவியாக நடித்தவர் பேசப்படுவர். பாடல்கள் பல்லாண்டு நினைக்கப்படும். தலைவனுக்குத் தந்தையாகவும் பகைவனாகவும் துணைவனாகவும் நின்று கதையைத் தாங்கியவர்களோ, 'மற்றும் பலர்' என்னும் இரு சொற்களுள் ஒடுங்கிவிடுவர். கம்பராமாயணத்தைக் கற்கும் மாணவன் ஒருவன், வாலியையும் கும்பகருணனையும் குகனையும் விடுத்து இராமனை மாத்திரமே கற்பானாயின், அவனைக் கம்பன் கவியைக் கற்றவன் என எவரும் கொள்ளார். திரைப்படத்தைக் காணும்போது மட்டும் அக்குறையுடைய கல்வியே நமக்குப் போதுமானதாக இருந்து வந்திருக்கின்றது.

தலைவனல்லாத பாத்திரங்களையே தம் தொழிலாகக் கொண்டோரைக் குணசித்திர நடிகர் என்பது தமிழ்த் திரையுலக வழக்கு. பெயர் பொருத்தமானதே. தலைவன் காண்போரின் விருப்பங்களைச் சுமப்பவன். வெல்லவும் மணக்கவும் கடமைப்பட்டவன். குணசித்திர நடிகருக்கோ ஒரு மனிதனின் குணத்தைச் சித்திரித்தலன்றி வேறு கடமை இல்லை. இத்தகையோருள் முதல் வரிசையில் வைத்து எண்ணத்தக்கவர் ரி. எஸ். பாலையா. அவர் தீயோனாகத் தொடங்கி நகைச்சுவைத் தந்தையாக முடிந்தவர் என்று சுருங்கக் கூறி அமைவது பலர் வழக்கம். அக்கூற்றுப் பிழையன்று, ஆயினும் அஃது ஒரு கலைஞரின் வாழ்நாளை இரு துண்டமாக்குகின்றது. ஊன்றி நோக்கின், முற்பாதியும் பிற்பாதியும் ஒரே வேரிலிருந்து கிளைத்தவை என்பதும், தன்னைத் தான் அளந்துகொள்ளத் தவறும் மனிதனே அவர் மீண்டும் மீண்டும் தீட்டிய சித்திரம் என்பதும் புலனாகும்.

அளவுகோல்

நடிப்பை அளத்தற்குப் பிறமொழி நூல்களை நாடுமுன், நம் கையில் உள்ள அளவுகோலை எடுத்து நோக்குதல் தகும். தொல்காப்பியத்து மெய்ப்பாட்டியல், உள்ளத்து நிகழ்வன உடம்பின்வழி வெளிப்படும் முறையை எண்வகையாகப் பகுத்து, ஒவ்வொன்றும் பிறத்தற்குரிய நிலைக்களன்களையும் கூறுகின்றது. சுவாமி விபுலாநந்தர், 1926 இல் வெளிவந்த 'மதங்க சூளாமணி'யில், சேக்ஸ்பியரின் பன்னிரு நாடகங்களைத் தமிழ் நாடக இலக்கணத்தோடு வைத்து ஆராய்ந்து, பழைய அளவுகோல் புதிய பொருளுக்கும் பயன்படும் என்பதை நமக்குக் காட்டினார். இவ்வளவுகோலைத் திரைப்படத்துக்குப் பயன்படுத்துவோர் ஒன்றை மறத்தலாகாது. நடிப்போனிடத்துத் தோன்றும் மெய்ப்பாடு ஒன்று. காண்போனிடத்துத் தோன்றுவது மற்றொன்று. இரண்டும் எஞ்ஞான்றும் ஒன்றாதல் வேண்டும் என்னும் நியதி இல்லை. மேடையில் ஒருவன் நடுங்க, அவையோர் சிரித்தலும் உண்டு. பாலையாவின் கலை பெரிதும் இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட வெளியிலேயே நிகழ்ந்தது.

தீயோன் வேடங்கள்

1914 ஆம் ஆண்டு ஆகஸ்ட் 23 ஆம் நாள், அன்றைய திருநெல்வேலி மாவட்டத்துச் சுண்டங்கோட்டையில் பிறந்த பாலையா, நாடக மேடையில் பயின்று திரைக்கு வந்தவர். அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கி 1936 இல் வெளிவந்த 'சதி லீலாவதி' அவருடைய முதற் படம். எம். ஜி. இராமச்சந்திரன் முதன்முதல் திரையில் தோன்றியதும் அப்படத்திலேயே. எஸ். எஸ். வாசன் எழுதிய கதையைத் தழுவியது அது. கிருஷ்ணமூர்த்தி என்னும் செல்வன் குடியால் நிலைகெட்டு, கொலை செய்துவிட்டதாக அஞ்சி, இலங்கைக்கு ஓடிவந்து தேயிலைத் தோட்டத்தில் கூலியாக உழல்கின்றான். தமிழ்த் திரைக்கதை ஈழத்து மலைநாட்டை நோக்கி நடந்த தொடக்ககாலச் செய்தி இஃது ஆதலின், ஈண்டு நினைவுகூரத்தக்கது. அச்செல்வனைத் தீய வழியில் ஆற்றுப்படுத்தும் நண்பன் இராமநாதனாக நடித்தவர் பாலையா.

அடுத்த ஆண்டு, அதே டங்கனின் இயக்கத்தில் வெளிவந்த 'அம்பிகாபதி'யில், எம். கே. தியாகராஜ பாகவதருக்கு எதிராக உருத்திரசேனன் என்னும் படைத்தலைவனாக அவர் தோன்றினார். பாகவதர் வாய்திறந்தால் நாடே செவிசாய்த்த காலம் அது. பாடலே தலைவனின் படைக்கலமாக இருந்த அக்காலத்தில், பாடாத ஒருவன் அவ்விசைக்கு எதிரே நின்று காண்போர் கண்ணைத் தன்பால் ஈர்த்தல் எளிதன்று. பாலையாவிடம் இருந்தவை கனத்த உடலும், அடித்தொண்டையிலிருந்து எழும் குரலும், சொல்லுக்கு முன்னே சென்று சேரும் விழியுமே. அவற்றைக் கொண்டு அவர் நிறுவியது தீமையை மட்டும் அன்று. தன் சூழ்ச்சியின்மேல் ஒருவன் கொள்ளும் நம்பிக்கையை நிறுவினார். இராமநாதனும் உருத்திரசேனனும் பிறரைப் பேதையர் என எண்ணுவதால் வீழ்பவர்கள். எள்ளலும் பேதைமையும் நகைக்கு நிலைக்களன்களாவன என்பர் இலக்கணமுடையார். பிறரை எள்ளுபவனே பேதையாக முடிவதைத் தீயோன் வேடத்திலேயே பாலையா கண்டுகொண்டமையால், பின்னர் நகைச்சுவைக்குச் செல்ல அவர் புதிய வழி வெட்ட வேண்டியிருக்கவில்லை.

இடைக்கால மாற்றம்

தீயோனிலிருந்து நகைச்சுவைக்கு அவர் ஒரே பாய்ச்சலில் செல்லவில்லை என்பதை இடைக்காலப் படங்கள் காட்டுவன. சி. என். அண்ணாதுரையின் நாடகத்தைத் தழுவி 1949 இல் வெளிவந்த 'வேலைக்காரி'யில் அவர் ஏற்றது மணி என்னும் நண்பன் வேடம். தந்தையின் சாவுக்குப் பழிவாங்கத் துடிக்கும் ஆனந்தனுக்கு அறிவின் வழியைக் காட்டுபவன் அவன். முதற் படத்தில் நண்பனைக் கெடுத்த அதே குரல், பதின்மூன்று ஆண்டுகளின் பின் நண்பனுக்கு நெறி கூறுகின்றது. கூறுவோன் யார் என்பதற்கு ஏற்ப ஒரே குரல் நஞ்சாகவும் மருந்தாகவும் மாறக்கூடும் என்பதற்கு இவ்விரு படங்களையும் அடுத்தடுத்துக் காண்டல் போதும்.

1956 இல் வெளிவந்த 'மதுரை வீர'னில் நரசப்பன் என்னும் வேடம் இம்மாற்றத்தின் நடுப்புள்ளி எனலாம். நரசப்பன் தீயோனே, ஆயினும் அவன் வீரம் வாயளவினது. எம். ஜி. இராமச்சந்திரன் ஏற்ற தலைவனின் வாள்வீச்சுக்கு முன் அவன் காட்டும் அச்சம், காண்போர்க்கு வெகுளியை விடுத்து நகையை விளைவிக்கின்றது. மிரட்டும் உடலும் நடுங்கும் உள்ளமும் ஒருவனிடத்தே கூடும்போது பிறக்கும் இந்நகையே, பிற்காலப் பாலையாவின் பெருஞ்செல்வமாயிற்று.

தந்தையர்

ஏ. பீம்சிங் இயக்கிய 'பாகப்பிரிவினை' 1959 இல் வெளிவந்தது. கூட்டுக்குடும்பம் ஒன்று பிளவுபடும் கதை. இரு சகோதரருள் மூத்தவராகிய வைத்தியலிங்கமாகப் பாலையாவும் இளையவராக எஸ். வி. சுப்பையாவும் நடித்தனர். தம்பிமேல் அன்புடையவர் மூத்தவர். ஆனால், மனைவியின் சொல்லுக்கு எதிராக அவ்வன்பை நிலைநிறுத்தும் வலிமை அவரிடம் இல்லை. குடும்பத்துக்குத் தலைவர் தாமே என எண்ணியிருந்த ஒருவர், தம் வீட்டிலே தம் சொல் செல்லவில்லை என்பதை அறிந்துகொள்ளும் துயரம் அது. காணியும் வளவும் பங்கிடப்படுவதையும், அப்பங்கீட்டால் உடன்பிறந்தோர் வேலிக்கு இருபுறமும் பேசாது வாழ்வதையும் கண்டறிந்த யாழ்ப்பாணத்தார்க்கு அப்பாத்திரத்தை எவரும் விளக்கிக் கூற வேண்டியதில்லை. பாலையா இங்கு நகைப்பூட்டுபவரும் அல்லர்; தீயோரும் அல்லர். ஆயினும் தம் ஆற்றலைத் தவறாக அளந்த மனிதர் என்னும் வகையில், முன்னைய வேடங்களுக்கு உறவினரே. அடுத்த ஆண்டு வெளிவந்த 'களத்தூர் கண்ணம்மா'வில் அவர் ஏற்ற ஜமீன்தாரும் அவ்வாறே தம் குலப்பெருமையை மிகையாக அளந்து, அதன் விலையைப் பிறர் செலுத்தக் காண்பவர்.

ஸ்ரீதர் இயக்கி 1964 இல் வெளிவந்த 'காதலிக்க நேரமில்லை'யில் விசுவநாதன் என்னும் செல்வர் பாலையா. பணமுடையோனே மருமகனாதற்கு உரியன் என்பது அவர் துணிபு. தம் தோட்டத்தில் வேலையிழந்த இளைஞன் ஒருவன் கோடீசுவரனின் மகன் என்னும் பொய்யைக் கேட்டவுடன், அவர் முதுகு வளையும் முறையும் குரல் இனிக்கும் முறையும் காணத்தக்கவை. அதே படத்தில், திரைப்படம் எடுக்கும் வெறிகொண்ட மகன் செல்லப்பாவாக நாகேஷ் திகிற்கதையொன்றைத் தந்தைக்கு விரித்துரைக்கும் காட்சி தமிழ்நாட்டிலும் ஈழத்திலும் ஒருங்கே புகழ்பெற்றது. அக்காட்சியின் வெற்றியை நாகேஷுக்கே உரித்தாக்குவோர் பலர். கதை சொல்பவர் நாகேஷ் என்பது உண்மையே. ஆனால், அக்கதை நம்மை வந்தடைவது கேட்பவரின் முகத்தின் வழியாகவே. முதலிற் சலிப்பு, பின்னர் ஐயம், அதன்பின் கேளாதிருக்க இயலாத ஆவல், முடிவில் வெளிப்படையான நடுக்கம். பாலையா அங்கே பேசும் சொற்கள் மிகச் சில. நடிப்போனிடத்து அச்சமும் காண்போனிடத்து நகையுமாக ஒரு மெய்ப்பாடு மற்றொன்றாகத் திரிந்து செல்வதை மாணவர்க்கு விளக்க விரும்பும் ஆசிரியர்க்கு இதனினும் தெளிவான எடுத்துக்காட்டுக் கிடைத்தல் அரிது.

கே. பாலச்சந்தர் இயக்கிய 'பாமா விஜயம்' 1967 இல் வெளிவந்தது. அண்டை வீட்டுக்கு வந்த நடிகையின் பொருட்டுக் கடன்பட்டு ஆடம்பரம் காட்டும் மூன்று மக்களுக்கும் மருமக்களுக்கும் தந்தை எதிராஜ் என்பது பாலையாவின் வேடம். ஈண்டு நிலைமை தலைகீழாகின்றது. தம்மை மிகையாக அளந்துகொள்வோர் மற்றையோர். அதனைக் கண்டு வருந்திச் சிரிப்பவர் அவர். வாழ்நாள் முழுவதும் இப்பிழையைத் தாமே நடித்துக் காட்டிய ஒருவர், முதுமையில் அதனைப் பிறரிடம் காணும் சாட்சியானமை ஒரு தொழில்வாழ்வின் இயல்பான முதிர்ச்சி எனத் தகும்.

ஏமநாதர்

விறகு விற்ற திருவிளையாடலைப் புராணபடனத்திற் கேட்டு வளர்ந்த நம்மவர்க்கு ஏமநாதர் புதியவர் அல்லர். பாண்டியன் அவையிற் செருக்கோடு பாடி, மறுநாட் போட்டிக்குக் காத்திருந்து, விறகு விற்பவனாக வந்த இறைவனின் பாடலை இரவிற் கேட்டு ஊரைவிட்டகலும் இசைவாணர் அவர். ஏ. பி. நாகராஜனின் 'திருவிளையாடல்' 1965 இல் வெளிவந்தபோது, அவ்வேடம் பாலையாவிடம் ஒப்படைக்கப்பட்டது. நகைச்சுவைத் தந்தையாக மக்கள் அவரைக் கொண்டாடிக்கொண்டிருந்த காலம் அது. ஏமநாதரையும் ஒரு கோமாளியாக்கிக் கைதட்டல் பெறுதல் மிக எளிதாயிருந்திருக்கும்.

அவர் அதனைச் செய்யவில்லை. ஏமநாதரின் செருக்கு வெறுஞ் செருக்கன்று, கற்றவனின் செருக்கு. பெருமிதம் பிறத்தற்குரிய நிலைக்களன்களுள் கல்வியும் ஒன்று என்பதை நாம் அறிவோம். அவையிற் பாடும்போது அவர் தோள்கள் உயர்வதும், பாடலின் திருப்பங்களுக்கேற்ப விரல்கள் காற்றில் வழி வரைவதும், தம் பாட்டிலே தாமே இன்புற்று நிற்பதும் அக்கல்வியின் மெய்ப்பாடுகள். ஏமநாதர் உண்மையிலேயே பெரும் பாடகர் என்று காண்போர் நம்பினாலன்றி, அவரை வெல்லும் இறைவனின் இசைக்கு அளவில்லாது போய்விடும். சிறுமையை வென்றவன் பெரியன் ஆகான். பெருமையை வென்றவனே பெரியன். ஆதலின் அக்கதையிற் சிவபெருமானின் பெருமையைத் தாங்கி நிற்பது பாலையாவின் பெருமிதமே எனின் அது மிகையாகாது. இரவிலே இசை கேட்கும் காட்சியில் அப்பெருமிதம் மருட்கையாகின்றது. தோற்றவனின் சினம் அங்கே இல்லை. தன்னினும் உயர்ந்த ஒன்றைச் செவியால் அறிந்துகொண்ட வித்துவானின் திகைப்பே உண்டு. தன்னைத் தவறாக அளந்த மனிதன், அளவு சரிசெய்யப்படும் கணத்திற் கொள்ளும் முகம் அது.

தவில்

தஞ்சை நாதசுரத்தையும் தவிலையும் அளவாகக் கொண்டு வாழ்ந்த யாழ்ப்பாணக் குடாநாட்டில், 1968 இல் வெளிவந்த 'தில்லானா மோகனாம்பா'ளைக் காண்போர் செவியோடு கண்ணையும் தீட்டிக்கொண்டே காண்பர். 1975 இல் மறைந்த தவில் மேதை யாழ்ப்பாணம் தட்சணாமூர்த்தியின் வாசிப்பைக் கோயில் வீதிகளில் விடியும்வரை நின்று கேட்ட தலைமுறை இங்கு வாழ்ந்தது. இணுவிலும் அளவெட்டியும் இக்கலைக்குப் பெயர்பெற்ற ஊர்கள். தவிலைத் தோளிற் சுமந்தோனெல்லாம் தவிற்காரன் என்று இவ்வூரார் ஒப்புக்கொள்ளமாட்டார்.

கொத்தமங்கலம் சுப்புவின் தொடர்கதையைத் தழுவிய அப்படத்தில், சிக்கல் சண்முகசுந்தரமாகச் சிவாஜி கணேசனும் தவில் வாசிக்கும் முத்துராக்காகப் பாலையாவும் நடித்தனர். வலந்தலையிற் கூடு அணிந்த விரல்களும், மறுபுறம் கழியும், இரண்டுக்கும் நடுவே முழு உடலும் ஒரு தாளத்துக்குட்பட்டு அசைதல் தவிலின் இயல்பு. பாலையா அவ்வசைவைத் தம் உடலில் ஏற்றுக்கொண்டார். அதனினும் சிறந்தது ஒன்றுண்டு. நல்ல தவிற்காரர் தம் கையைப் பார்ப்பதில்லை. நாதசுரக்காரரின் முகத்தையும் மூச்சையும் பார்த்திருப்பர். போட்டிக் காட்சியிற் பாலையாவின் பார்வை சண்முகசுந்தரத்தை விட்டு அகலாமை காண்க. அவன் களைப்பு அவர் புருவத்திலும், அவன் வெற்றி அவர் தலையசைப்பிலும் முன்னதாகவே தெரிகின்றன. கதைத் தலைவனின் உணர்ச்சி எத்துணைப் பெரிது என்பதைத் துணைநின்றவனின் முகத்திலே படித்தறிகின்றோம்.

நாதசுரமின்றித் தவில் கச்சேரியை நடத்திச் செல்லுதல் அரிது என்பர். அது மெய்யே. ஆயினும் தவிலின்றி நாதசுரம் எழும்புவதும் இல்லை. குணசித்திர நடிகரின் இடம் இதுவே. பாலையா அவ்விடத்தை இரண்டாமிடம் என்று எண்ணி வாடியதன் அறிகுறி அவர் நடிப்பில் எங்கும் இல்லை.

ஆங்கில ஒப்புமை

இவ்வகை நடிகரைப் போற்றிய மரபு பிரித்தானியத் திரைப்படத்திலும் உண்டு. எடுத்துக்காட்டாக மைல்ஸ் மாலிசனைக் கொள்ளலாம். மைசூரைச் சேர்ந்த சாபு நடித்து 1940 இல் வெளிவந்த 'பாக்தாத் திருட'னில், விளையாட்டுப் பொறிகளில் மயங்கும் சுல்தானாகத் தோன்றியவரும், அப்படத்தின் எழுத்தில் பங்குகொண்டவரும் அவரே. 1949 இல் வெளிவந்த 'கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கொறொனெற்ஸ்' என்னும் படத்தில், பிரபு ஒருவரைத் தூக்கிலிடும் பேறு கிடைத்ததற்காக மகிழ்ந்து, அவரை எவ்வாறு மரியாதையாக விளிப்பது என்று கவலைப்படும் கொலைத்தொழிலாளி வேடம் அவருடையது. சில நிமிடங்களே தோன்றினும் அம்முகத்தை மறத்தல் இயலாது.

மாலிசன் போன்றோர் தமக்கென அமைந்த ஓர் ஆளுமையைச் சிறு சிறு வேடங்களிற் கூர்மையாக்கினர். தமிழ்ப் படமோ நீண்டது, கிளைக்கதைகள் மலிந்தது, குடும்பத்தின் எல்லா உறவுகளையும் உள்ளடக்குவது. ஆதலின் பாலையாவுக்குக் கிடைத்த வேடங்கள் பல கதையின் தொடக்கம் முதல் முடிவுவரை நீள்வன. ஒரே முகத்தைக் காட்டி மறைவதற்கு அங்கே இடமில்லை. படத்தினுள்ளேயே மனிதன் மாறவேண்டும். அம்மாற்றத்தைப் படிப்படியாகக் காட்டும் ஆற்றலே பாலையாவைத் தனித்து நிறுத்துவது.

சில குறைகள்

பாலையாவின் நடிப்பு மேடை நடிப்பு என்பது ஒரு குற்றச்சாட்டு. தொலைவில் அமர்ந்தோர்க்கும் கேட்கவேண்டும் என்னும் நாடகப் பழக்கத்தால், சொற்களை நீட்டுவதும் விழிகளை உருட்டுவதும் சில படங்களில் அளவு மீறியமை உண்மை. 1954 இல் வெளிவந்த 'தூக்குத் தூக்கி'யில் அவர் ஏற்ற சேட் வேடம், வேற்று மொழியாளர் பேசும் தமிழை எள்ளி நகைத்தலையே பெரிதும் நம்பி நிற்பது. ஒருவரின் குணத்தை விடுத்து நாவின் பழக்கத்தை நகைப்பது குணசித்திரம் ஆகாது. ஏமநாதரின் பாட்டு அவருடையதன்று. பாலமுரளிகிருஷ்ணாவின் குரல் என்பாரும் உளர். குரல் பிறருடையதாயினும், அக்குரலுக்கு உரிய உள்ளத்தை உடலிற் காட்டியவர் பாலையா என்பதே அதற்கு விடை. வாயசைத்தல் எவர்க்கும் எளிது. பாடுவோனின் செருக்கை முதுகெலும்பில் ஏற்றுதல் எளிதன்று.

மதிப்பீடு

பாலையா 1972 ஆம் ஆண்டு ஜூலை 22 ஆம் நாள் மறைந்தார். அவர் மறைந்து அரைநூற்றாண்டு கடந்துவிட்டது. யாழ்ப்பாண நகரத்து வின்சர், ரீகல், வெலிங்டன், மனோகரா முதலிய படமாளிகைகளில் 1950களிலும் 1960களிலும் திரண்ட கூட்டம் தலைவன் தோன்றும்போது ஆரவாரித்தது; பாலையா தோன்றும்போது சிரித்தது. ஆரவாரம் நடிகருக்குக் கிடைத்தது. சிரிப்பு நடிப்புக்குக் கிடைத்தது. இவ்வேறுபாட்டை நம் திறனாய்வு இன்னும் போதிய அளவு உணரவில்லை. தலைவர்களைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதும் நாம், நடிப்பென்னும் கலையைக் கற்க விரும்பும் இளைஞன் எவரைக் கூர்ந்து நோக்கவேண்டும் என்று சொல்லத் தவறியிருக்கின்றோம்.

கல்லூரி நாடக விழாக்களுக்குப் பாத்திரம் பங்கிடும்போது, தலைவன் வேடம் கிடையாத மாணவன் முகம் வாடுவதை ஆசிரியர் எவரும் அறிவர். அம்மாணவனுக்குப் பாலையாவின் படங்களைக் காட்டுதல் நன்று. பிறர் பேசும்போது கேட்பது எவ்வாறு என்பதை அவன் அங்கே கற்பான். நாடகத்தில் பாதிக்கு மேற்பட்ட நேரம் ஒவ்வொருவரும் செய்யவேண்டியது அதுவே என்பதையும் உடன் கற்பான்.